ஊருக்கு ஒருவர்

விளிம்பூரில் காலையில் வேலைக்குக் கிளம்புகிறவர் எவரும், தான் பயப்படவில்லை என்பதை முதலில் தன் வீட்டுக் கதவுக்கு நிரூபிக்க வேண்டும்.

கதவின் நடுவில் உள்ளங்கை அளவுக்கு ஒரு தகடு இருக்கும். அதில் கையை வைத்தால் நாடியையும் வியர்வையையும் மூச்சின் வேகத்தையும் கதவு படித்துக்கொள்ளும். நிலைக்கு மேலே உள்ள விளக்கு பச்சையாக எரிந்தால் எங்கு வேண்டுமானாலும் போகலாம். சிவப்பு என்றால் நடைவழி, சாப்பாட்டுக் கூடம், மருத்துவ அறை, பயந்தவர்களைத் தேற்றுகிற தேற்றியின் அறை. அதற்கு மேல் எந்தக் கதவும் திறக்காது.

இதில் கொடுமை எதுவும் இல்லை. நிலவின் தென்முனையில், சூரியன் எட்டிப் பார்க்காத ஒரு பெரும்பள்ளத்தின் விளிம்பில் இருக்கிறது ஊர். பள்ளத்தில் உறைந்து கிடக்கும் பனியை வெட்டி எடுத்து, அதிலிருந்துதான் தண்ணீரையும் காற்றையும் பிரிக்கிறார்கள். பயந்தவன் இரண்டு ஆள் காற்றைக் குடிப்பான். வெளியே காப்புடைக்குள் இருக்கும்போது பயம் வந்தால் அவனும் போவான், அவனைத் தூக்க ஓடியவனும் போவான். ஆகவே அங்கே பயம் சொந்த விஷயம் அல்ல. நடைவழியில் போகிறவர்கள் ஒவ்வொரு வீட்டு விளக்கையும் பார்த்துக்கொண்டே போவார்கள். அது மரியாதைக் குறைவு என்று யாரும் நினைப்பதில்லை.

தயாபரன் வீட்டு விளக்கு அந்த வாரம் சிவந்திருந்தது.

அவன் மனைவி பிரமிளா இறந்தபோதுகூட அது பச்சையாகத்தான் எரிந்தது. பனி ஏற்றிக்கொண்டு மேலே வந்த அவளுடைய உலாவண்டி சரிவில் புரண்டுவிட்டது. செய்தி வந்த மறுநாள் காலையில் அவன் கதவில் கை வைத்தான். பச்சை. ஊருக்குள்ளேயே கொடுத்த வேலைக்குப் போனான். நடைவழியில் சிலருக்கு அது பிடிக்கவில்லை. அவனுக்கு உள்ளே எதுவும் ஓடவில்லை என்பதுதான் உண்மை. குழந்தைக்குச் சோறு ஊட்டினான். அவளுடைய துணிகளை மடித்து வைத்தான். யாராவது பேசினால் பதில் சொன்னான். மரத்துப்போன காலை ஊன்றி நடப்பது போல இருந்தது.

இப்போது விளக்கு சிவந்ததற்குக் காரணம் ஒரு நல்ல செய்தி. ஊர்மன்றம் அவனுக்குக் குருதித்துணை பார்த்துவிட்டது.

விளிம்பூரில் இரத்த வங்கி கிடையாது. வயது வந்த ஒவ்வொருவருக்கும் இரத்தம் பொருந்துகிற இன்னொருவர் துணை. ஒருவருக்கு அடிபட்டால் மற்றவர் ஓடிவந்து பக்கத்துக் கட்டிலில் படுக்க வேண்டும். பூமியிலிருந்து கப்பல் ஏறுமுன்பே எல்லோருக்கும் இந்தப் பொருத்தம் பார்த்து முடித்துவிட்டார்கள். துணையான ஆண்கள் ஒருவரையொருவர் மச்சான் என்பார்கள், பெண்கள் மதினி என்பார்கள். ஒரே சாதியா, ஒரே ஊரா என்று யாரும் கேட்பதில்லை என்பதில் விளிம்பூர்க்காரர்களுக்குக் கொஞ்சம் பெருமையும் உண்டு. துணை இல்லாதவர் காப்புடை அணியக் கூடாது. அடுத்த கப்பலில் பூமிக்குத் திரும்பிவிட வேண்டும்.

தயாபரனும் பிரமிளாவும் ஒருவருக்கொருவர் துணையாக இருந்தார்கள். அது வசதியாக இருந்தது. இருவருக்குமே எச்.ஐ.வி. இருந்தது.

பூமியில் ஒரு சிகிச்சை நிலையத்தின் காத்திருப்புக் கூடத்தில்தான் அவர்கள் முதலில் பார்த்துக்கொண்டார்கள். அந்தக் காலத்தில் எச்.ஐ.வி. மருத்துவருக்குப் பெரிய விஷயமாக இல்லை. மேற்கையில் தோலுக்கடியில் அரிசி அளவுக்கு ஒரு மருந்துமணி வைப்பார்கள். அது தானாகக் கசிந்து வைரஸை அடக்கி வைக்கும். இரத்தத்தில் தேடினால் எண்ணிக்கையே அகப்படாது. தொட்டாலும் பரவாது, சேர்ந்து வாழ்ந்தாலும் பரவாது. மகள் யாழி நிலவில் பிறந்தபோது அவளுக்கு அது இல்லை. இரத்தம் கொடுப்பது ஒன்றுதான் கூடாது. சட்டம் அவர்களை நிலவுக்குப் போக அனுமதித்தது, அவர்களுடைய மருத்துவக் குறிப்பைப் பூட்டியும் வைத்தது.

நோய் அடங்கிவிட்டது. யாருக்காவது தெரிந்துவிடுமோ என்ற பயம் அடங்கவில்லை. பிரமிளா அதை வேடிக்கையாக்கி வைத்திருந்தாள். வேலை முடிந்து வந்து கதவைச் சாத்தியதும் கேட்பாள்.

“என்ன, இன்னிக்கு யாருக்காவது தெரிஞ்சுதா?”

“இல்ல.”

“அப்பச் சரி, சாப்பிடலாம்.”

அந்தக் கேள்வியைக் கேட்க ஆள் இல்லாமல் போன பிறகு, பதில் மட்டும் அவனுக்குள் சுற்றிக்கொண்டிருந்தது.

புதுத் துணையாக மன்றம் சொன்னவர் எதிர்வீட்டுக் குபேந்திரன். பனி வெட்டும் பொறிகளைப் பழுது பார்க்கிறவர். தூத்துக்குடிப் பக்கம். அவருடைய பழைய துணை கண் மங்கிப் பூமிக்குத் திரும்பிவிட்டதால் அவரும் வேலைக்குப் போக முடியாமல் உட்கார்ந்திருந்தார். செய்தி வந்த அன்றே ஒரு கிண்ணம் பாசி முறுக்கோடு வந்துவிட்டார். வரும்போதே நிமிர்ந்து விளக்கைப் பார்த்தார்.

“என்ன மச்சான், வெளக்கு செவந்து கெடக்கு? என் ரத்தத்த நெனச்சாலே நடுங்குதோ?”

“இன்னும் சோதனையே முடியலண்ணே. அதுக்குள்ள மச்சானா?”

“சோதனை என்ன பெரிய சோதனை. ஒனக்கும் ஓ பாசிட்டிவ், எனக்கும் ஓ பாசிட்டிவ். பத்துப் பொருத்தமும் அதுலயே அடங்கிட்டு. டாக்டரம்மா பட்டையில ஆளுக்கு ஒரு சொட்டு விடுவாங்க. நாம ரெண்டு பேரும் குனிஞ்சு பாக்கணும். அவ்ளோதான். செம்பகம் அன்னைக்குப் பாயசம் வைக்கேன்னு நிக்கா.”

“எதுக்குண்ணே ரெண்டு பேரும் பாக்கணும்?”

“பொறவு? நாளைக்கு என் ஒடம்புல ஓடப்போற ரத்தம். நான் பாக்காண்டாமா?”

“அதுவும் சரிதான்.”

“முறுக்க எடு. கை ஏன் இப்பிடிச் சில்லிட்டுக் கெடக்கு? ஏய் யாழி, ஒங்கப்பன கொஞ்சம் சிரிக்கச் சொல்லு. பொண்ணு பாக்க வந்த வீட்ல இருக்கற மாதிரி இருக்கான்.”

யாழி முறுக்கை வாங்கிக்கொண்டு சிரித்தாள். தயாபரனும் சிரித்தான். விளக்கு மாறவில்லை.

அந்தப் பட்டைதான் அவன் பயம். பழங்காலத்துப் பொருள், ஆனால் விதிகளில் அது அப்படியே தங்கிவிட்டது. அது வைரஸைத் தேடாது. வைரஸைக் கண்ட உடல் தயாரித்துக்கொண்ட எதிர்ப்பைத் தேடும். மருந்துமணி வைரஸை அடக்கும், அந்த எதிர்ப்பை அழிக்காது. பூமியிலிருந்து கிளம்பும்போது அவனும் பிரமிளாவும் சேர்ந்து குனிந்து, ஆளுக்கு இரண்டு கோடுகள் விழுவதைப் பார்த்தார்கள். அவள் அவன் காதில், “ஜோடிப் பொருத்தம் பிரமாதம்” என்றாள். இந்தத் தடவை பக்கத்தில் குபேந்திரன் குனிவார். பட்டையில் இரண்டாவது கோடு விழும். அவர் விலகுவார். வேறு யாரும் வரமாட்டார்கள். கப்பல் வரும்.

யாழியை அதில் ஏற்ற முடியாது. நிலவின் ஈர்ப்பில் உருவான எலும்பு பூமியில் நிற்காது. திரும்பினால் அவன் தனியாகத்தான் திரும்ப வேண்டும்.

இதை யாரிடமாவது சொன்னால் நாடி இறங்கும் என்று அவனுக்குத் தெரியும். சொன்னால் என்ன ஆகும் என்பதும் தெரியும். நினைத்தாலே பயம் வயிற்றில் ஆரம்பிக்கும். பிறகு விரல் நுனிகளில் ஊசி குத்தும். பிறகு, காற்று நிறைய இருக்கிற அறையில் காற்று போதாதது போல இருக்கும். சமையலில் விரலை வெட்டிக்கொண்டபோது யாரும் கேட்காமலேயே கையைப் பின்னால் மறைத்தான். சட்டைக் கையை இழுத்து இழுத்து மருந்துமணி இருக்கும் இடத்தை மூடினான். அதை வெளியிலிருந்து பார்த்தால் ஒன்றும் தெரியாது. அதுவும் அவனுக்குத் தெரியும்.

சிவப்பு நீடித்தால் தேற்றியிடம் போயே ஆக வேண்டும். தேற்றிக்கு உருவம் இல்லை. மெத்தை போட்ட ஒரு சின்ன அறை, அதில் ஒரு குரல். ஊரின் அச்சத்தைக் குறைப்பது அதன் ஒரே வேலை. குறைந்ததா என்று பார்க்கும், ஏன் குறைந்தது என்பதில் அதற்கு அக்கறை இல்லை.

“உங்கள் துயரம் தாமதமாக வந்திருக்கிறது என்று நினைக்கிறேன்” என்றது தேற்றி.

“இருக்கலாம்.”

“துயரத்தின் நாடி வேறு. இது எதையோ ஒளிப்பவரின் நாடி.”

தயாபரன் மெத்தையின் தையலைப் பார்த்துக்கொண்டிருந்தான். “நான் சொன்னா அது யாருக்குப் போகும்?”

“உங்களைப் பற்றியது மட்டும் என்றால் யாருக்கும் போகாது. இன்னொருவரின் பாதுகாப்பைத் தொடுவதானால் ஊர்மன்றத்துக்குப் போகும்.”

“அப்ப ஒண்ணுமில்ல.”

“மூச்சை மெதுவாக உள்ளே இழுங்கள்” என்றது தேற்றி.

இழுத்தான்.

சோதனை நாளில் குபேந்திரன் மருத்துவ அறைக்குச் சலவைச் சட்டை போட்டு வந்தார். அவர் மனைவி செண்பகவல்லி வாசலில் பாயசத் தூக்கோடு நின்றாள். மருத்துவர் ரெஜினா இரண்டு பட்டைகளை மேசையில் வைத்தார். பூமியை விட்டுக் கிளம்பிய பிறகு யாருக்கும் துணை மாற்றியதில்லை. பட்டைகளின் உறையைப் பிரிக்கவே அவருக்குக் கத்தரிக்கோல் தேட வேண்டியிருந்தது.

“ரெண்டு பேரும் கைய நீட்டுங்க. கல்யாண மாப்பிள்ளை மாதிரி வெட்கப்படாதீங்க தயாபரன்.”

சொட்டுகள் விழுந்தன. மூவரும் குனிந்தார்கள். தயாபரன் குனிந்தானே தவிரக் கண்ணைத் திறக்கவில்லை. இப்போது யாராவது பேசுவார்கள் என்று காத்திருந்தான். கடைசியில் குபேந்திரன் குரல் கேட்டது.

“டாக்டரம்மா, ரெண்டு கோடு வந்தா என்ன அர்த்தம்?”

தயாபரன் கண்ணைத் திறந்தான். அவன் பட்டையில் இரண்டு கோடுகள். குபேந்திரன் பட்டையிலும் இரண்டு கோடுகள்.

ரெஜினா இன்னொரு பட்டையை எடுத்துத் தன் விரலைக் குத்திக்கொண்டார். கொஞ்ச நேரத்தில் அதிலும் இரண்டு கோடுகள் தெரிந்தன. செண்பகவல்லியை உள்ளே கூப்பிட்டார். அவளுக்கும் இரண்டு. அப்புறம்தான் அவர் நாற்காலியில் உட்கார்ந்து நெற்றியில் அடித்துக்கொண்டார்.

“காப்பு ஊசி. கடவுளே, காப்பு ஊசி.”

நிலவில் கதிர்வீச்சைத் தடுக்கக் காற்று மண்டலம் இல்லை. அதனால் வந்து இறங்கியதும் எல்லோருக்கும் ஒரு ஊசி போட்டிருந்தார்கள். கதிர்வீச்சைத் தாங்கும் மரபணு ஒன்றை எலும்பு மஜ்ஜைக்குள் கொண்டுபோய் இறக்குகிற ஊசி அது. கொண்டுபோக ஒரு வண்டி வேண்டும். மனித உயிரணுவுக்குள் நுழைந்து சாமானை இறக்குவதில் எச்.ஐ.வி.யை விடக் கெட்டிக்கார வண்டி இல்லை. அதன் உள்ளே இருந்த நோயையெல்லாம் சுரண்டி எறிந்துவிட்டு வெறும் கூட்டை மட்டும் வைத்துக்கொண்டார்கள். அந்தக் கூடு பெருகாது, பரவாது, யாரையும் ஒன்றும் செய்யாது. உடல் மட்டும் கூட்டைப் பார்த்து ஞாபகம் வைத்துக்கொண்டது. பட்டை அந்த ஞாபகத்தைத்தான் படித்தது.

ரெஜினா இதையெல்லாம் பொறுமையாகச் சொன்னார். குபேந்திரன் தலையாட்டினார். பிறகு கேட்டார்.

“அப்ப நமக்கு எய்ட்ஸ் இருக்கு?”

“இல்லங்க. வெறும் கூடு. செத்த கூடு.”

“ஆனா அதோட கூடு.”

பாயசத்தை யாரும் குடிக்கவில்லை. தயாபரன் வீட்டுக்கு வந்து கதவைச் சாத்தினான். தரையில் உட்கார்ந்து சிரித்தான். நெடுநேரம் சிரித்தான். யாழி வந்து அவன் முகத்தைத் தொட்டுப் பார்த்துவிட்டுப் போனாள். அடுத்த நாள் காலை கதவில் கை வைத்தபோது விளக்கு பச்சையாக எரிந்தது.

அந்த நடைவழியில் அது ஒன்றுதான் பச்சை.

செய்தி பரவியிருந்தது. கூடு என்ற சொல் பாதியிலேயே விழுந்துவிட, மீதிதான் பரவியிருந்தது. ரெஜினா ஒலிபெருக்கியில் இரண்டு தடவை விளக்கினார். அவர் விளக்க விளக்கச் சிவப்பு கூடியது. சாப்பாட்டுக் கூடத்தில் அவரவர் தட்டை அவரவர் கழுவிக்கொண்டு போனார்கள். தண்ணீர் தட்டுப்பாடான ஊரில் வாளி வாளியாகக் கழுவினார்கள். பெற்றவர்கள் குழந்தைகளை முத்தமிடுவதை நிறுத்தினார்கள். கணவன் மனைவியிடம் ஜாடையாகக் கேட்டான், மனைவி நேராகவே கேட்டாள்: “ஊசியாலதான் வந்துச்சா? நல்லா யோசிச்சுச் சொல்லு.” தேற்றியின் அறை வாசலில் வரிசை நின்றது. வரிசையில் நின்றவர்கள் ஒருவர் மீது ஒருவர் படாமல் நின்றார்கள்.

சிவப்பு விளக்குக்காரர் வெளியே போக முடியாது. பனி வெட்ட ஆள் இல்லை. பொறிகள் நின்றன. காற்றின் அளவைக் காட்டும் முள் மெல்ல இறங்க ஆரம்பித்தது. அதைப் பார்த்துப் பயந்து எல்லோரும் இன்னும் வேகமாக மூச்சுவிட்டார்கள்.

ஊர்மன்றத்தின் தலைவி தயாபரனைக் கூப்பிட்டு அனுப்பினார். “உங்க ஒருத்தர் வெளக்குதான் பச்சை. எப்படின்னு எனக்குத் தெரியல. பெண்டாட்டி செத்தப்பவும் அசையாத ஆள் நீங்க. வீடு வீடாப் போய்க் கொஞ்சம் பேசுங்களேன்.”

போனான். அவனுக்குப் பேச வரும் என்று அவனே நினைத்ததில்லை. ஆனால் கேள்விகள் எல்லாம் தெரிந்த கேள்விகளாக இருந்தன. ஒரே குவளையில் குடிக்கலாமா? குடிக்கலாம். குழந்தையைத் தூக்கலாமா? தூக்குங்கள். தூக்கம் வரவில்லையே? வராது, முதலில் அப்படித்தான். வயிற்றில் ஆரம்பிக்கிறதா? பிறகு விரலில் ஊசி குத்துமே? அதோடு சண்டை போடாதீர்கள். உலை கொதிப்பதற்குள் அதுவே போய்விடும். சாவதற்கான அறிகுறி இல்லை அது, பயத்தின் அறிகுறி. இரண்டும் ஒரே மாதிரி இருக்கும்.

அவன் இருக்கும்வரை விளக்குகள் பச்சைக்கு வந்தன. கிளம்பியதும் சிவந்தன. ஆனாலும் தினமும் போனான். பிரமிளா இறந்த பிறகு முதன்முறையாக அவனுக்கு மாலையில் பசித்தது.

மிகவும் ஒடிந்துபோனவர் குபேந்திரன்தான். அவர் பேச்சை நிறுத்திவிட்டார். ஒருநாள் தயாபரன் போனபோது தரையில் சுவரோரமாக உட்கார்ந்திருந்தார். செண்பகவல்லி எட்டத்தில் நின்று அவரையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

“சாப்பிட்டீங்களாண்ணே?”

“எறங்கல மச்சான்.” குபேந்திரன் முழங்கையால் மூக்கைத் துடைத்துக்கொண்டார். “சின்னவன் வந்து மடியில ஏறுதான். எறக்கி விட்டுட்டேன். பெத்த புள்ளய. ஏன்னே தெரியாம அழுதுட்டுப் போறான். எதுக்கு இப்பிடி ஒரு பொழப்பு?”

“தூக்குங்கண்ணே. ஒண்ணும் ஆகாது.”

“டாக்டரம்மாவும் அதான் சொல்லுதாங்க. மண்டைக்குத் தெரியுது. கை வரமாட்டேங்கு.” நிமிர்ந்து பார்த்தார். “நீ எப்பிடி மச்சான்? ஒனக்கும் ரெண்டு கோடுதான வந்துச்சு? எப்பிடிக் கல்லு மாதிரி இருக்க?”

தயாபரன் அவர் எதிரே தரையில் உட்கார்ந்தான். இந்த மனிதருக்கு நாளை அடிபட்டால் தன்னைத்தான் கூப்பிடுவார்கள் என்பது அவனுக்குத் தெரியும். பட்டை செல்லாது என்று விதியைத் திருத்தியாயிற்று, இனி எந்தச் சோதனையும் அவனைத் தடுக்காது. படுக்கச் சொல்வார்கள். படுக்க முடியாது. எப்படியும் சொல்ல வேண்டிய ஒன்று இது. இன்று சொன்னால் ஒரு குழந்தை அப்பன் மடியில் ஏறும். இத்தனை நாளும் சொல்வது என்றாலே கண்டுபிடிக்கப்படுவது என்றுதான் அவன் நினைத்திருந்தான். சொல்வது ஒருவருக்குக் கொடுப்பதாகவும் இருக்கலாம் என்று இப்போதுதான் தோன்றியது.

“எனக்கு நெசமாவே இருக்குண்ணே” என்றான். “கூடு இல்ல. எச்.ஐ.வி. காலேஜ் படிக்கும்போதே தெரியும். பிரமிளாவுக்கும் இருந்துச்சு. யாழிக்கு இல்ல. ஒரே தட்டுல தின்னோம், ஒரே பாயில படுத்தோம். பாருங்க, நல்லாத்தான இருக்கேன்? ரத்தம் மட்டும் ஒங்களுக்குத் தர முடியாது. மத்தபடி ஒண்ணுமே இல்லண்ணே. நெசமா இருக்கறவனே நல்லா இருக்கான். ஒங்களுக்கு இருக்கறது வெறும் கூடு.”

குபேந்திரன் அவனை நன்றாகப் பார்த்தார்.

“ஊசிக்கு முன்னாடியேவா?”

“ஆமா.”

“அப்ப எங்களுக்கு இருக்கறது அது இல்ல.”

“அதத்தானே டாக்டர் சொன்னாங்க?”

“டாக்டரம்மா சொன்னப்பப் புரியல.” குபேந்திரன் மெதுவாக எழுந்து நின்றார். முதுகு நிமிர்ந்தது. முகத்தில் இரத்தம் திரும்புவதைத் தயாபரனால் பார்க்க முடிந்தது. “இப்ப நல்லாப் புரியுது.”

நிலைக்கு மேலே விளக்கு பச்சைக்கு மாறியது. யாரும் கை வைக்கச் சொல்லாமலேயே, குபேந்திரன் போகிற போக்கில் கதவுத் தகட்டில் ஊன்றிய கைக்கு அது மாறியது.

செண்பகவல்லி அப்போதுதான் வாயைத் திறந்தாள். “எப்பிடி வந்துச்சு?”

“என்னது?”

“இல்ல, எங்களுக்கு ஊசியில வந்துச்சு. ஒங்களுக்கு எப்பிடி வந்துச்சு?”

கல்லீரல் கெட்டவனிடமோ கண் கெட்டவனிடமோ அவள் இதைக் கேட்டிருக்கமாட்டாள் என்று அவன் நினைத்தான். “வந்துச்சு” என்றான்.

மறுநாள் காலைக்குள் அவன் சொன்னது வீடு வீடாகப் போயிருந்தது. நடைவழி முழுக்கப் பச்சை. கடைசி வீடு வரை. அவனுடையதைத் தவிர.

ஊர் ஒரே நாளில் தேறிவிட்டது. பனி வெட்டும் பொறிகள் ஓடின. குழந்தைகள் அப்பாக்களின் தோளில் ஏறிச் சுற்றின. சாப்பாட்டுக் கூடத்தில் பழையபடி ஒருவர் தட்டிலிருந்து ஒருவர் எடுத்துத் தின்றார்கள். நீண்ட பெஞ்சில் தயாபரனுக்கு இரண்டு பக்கமும் இடம் தாராளமாக இருந்தது. யாரும் அவனை ஒரு வார்த்தை தப்பாகச் சொல்லவில்லை. படித்த ஊர். “எங்களுக்கு அதெல்லாம் ஒண்ணுமில்ல, குழந்தைங்கதான்…” என்று பாதியில் நிறுத்திக்கொண்டார்கள். யாழியோடு விளையாடிக்கொண்டிருந்த பிள்ளைகளை அவரவர் வீட்டிலிருந்து ஏதாவது வேலைக்குக் கூப்பிட்டார்கள். அவள் பந்தை வைத்துக்கொண்டு நடைவழியில் நின்றாள்.

ரெஜினா மட்டும் அவன் பக்கத்தில் வந்து உட்கார்ந்து சாப்பிட்டார். அதையும் எல்லோரும் பார்த்தார்கள். சாப்பிட்டு எழுந்து போனவரின் கையில் கையுறை இருக்கிறதா என்று ஒருத்தி எட்டிப் பார்த்தாள்.

குபேந்திரன் வாசல் வரை வந்தார். படியைத் தாண்டவில்லை.

“மன்றத்துல சொல்லிட்டேன், தயாபரன் சார். எனக்கு வேற துணை பாக்கச் சொல்லி. நீங்க தப்பா எடுத்துக்கக் கூடாது.”

“இல்ல. அது சரிதான். ரத்தம் தர முடியாதுன்னு நான்தான சொன்னேன்.”

“அதுக்கில்ல,” என்றார் குபேந்திரன், “நீங்க நல்ல மனுசன். நீங்க சொல்லலைன்னா நான் செத்திருப்பேன்.” அது மனதாரச் சொன்னது. சொல்லிவிட்டு, பிடித்திருந்த கதவு நிலையிலிருந்து கையை எடுத்துச் சட்டையில் துடைத்துக்கொண்டே போனார்.

துணை இல்லாதவர் திரும்ப வேண்டும். கப்பல் வரும் வாரத்தையும் மன்றம் சொல்லிவிட்டது. யாழி மன்றத்தின் பொறுப்பில் வளர்வாள், நன்றாகவே வளர்ப்பார்கள், சந்தேகம் வேண்டாம். தயாபரன் அவளுக்குத் தலைவார ஒரு குட்டிச் சீப்பு வாங்கினான். தானே வாரிக்கொள்ளப் பழக்கினான். அவளுக்கு வகிடு எடுக்க வரவில்லை. மறுபடியும் பழக்கினான். விளக்கு சிவப்பாகவே இருந்தது. இப்போது அதை யாரும் நிமிர்ந்து பார்க்கவில்லை. அந்த வீட்டு விளக்கு சிவப்பாக இருப்பது இயல்புதானே என்று தோன்றிவிட்டது.

கப்பல் வருவதற்கு முன்னால் தேற்றி அவனைக் கூப்பிட்டது.

“உங்களுக்கு ஒரு நல்ல செய்தி,” என்றது குரல். “நீங்கள் போக வேண்டியதில்லை.”

தயாபரன் மெத்தையில் நிமிர்ந்து உட்கார்ந்தான். “யாராவது துணைக்கு ஒத்துக்கிட்டாங்களா?”

“இல்லை. உங்களுக்கு மட்டும் துணை தேவையில்லை என்று விதியை மாற்றச் சொன்னேன். மன்றம் ஒருமனதாக ஏற்றுக்கொண்டது. உங்கள் பயணச் செய்தி வெளியான நாளிலிருந்து நடைவழியில் சில விளக்குகள் மறுபடி சிவக்க ஆரம்பித்தன. நீங்கள் போகப்போகிறீர்கள் என்றதும் எல்லோரும் மறுபடி தங்கள் இரத்தத்தைப் பற்றி யோசிக்கிறார்கள். ஒருவரையொருவர் பார்க்கிறார்கள். நீங்கள் இருந்தால் உங்களைப் பார்க்கிறார்கள், நாடி இறங்கிவிடுகிறது. ஊர் உண்டான நாள் முதல் இவ்வளவு அமைதியை நான் பதிவு செய்ததில்லை. என்னுடைய எந்த மூச்சுப் பயிற்சியும் இந்தப் பலனைத் தந்ததில்லை.”

“ஏன்னு தெரியுமா உனக்கு?”

“காரணம் தெரியவில்லை. பலன் தெரிகிறது. நீங்கள் வெளிவேலைக்குப் போக வேண்டாம். பேசவும் வேண்டாம். சாப்பாட்டுக் கூடத்துக்கு வேளா வேளைக்கு வந்து, எல்லோர் கண்ணிலும் படும்படி உட்கார்ந்தால் போதும். உங்கள் மகளும் உங்களுடனே இருக்கலாம். நீங்கள் கேட்டது இதுதானே?”

அவன் கேட்டது இதுதான். வேறெதையும் அவன் கேட்டதில்லை.

“ஆமா” என்றான்.

“உங்கள் நாடி இறங்கவில்லையே?”

“இறங்கும்.”

பள்ளத்தின் மறுகரையிலும் வடமுனையிலும் புதிதாக எழுந்திருந்த குடியிருப்புகளின் தேற்றிகளோடு தேற்றி சற்று நேரம் பேசிக்கொண்டிருந்தது. பிறகு கேட்டது.

“இன்னொரு உதவி. அங்கேயெல்லாம் இதே காப்பு ஊசியைப் போட்டிருக்கிறார்கள். பட்டை விஷயம் அங்கும் எட்டிவிட்டது, விளக்குகள் சிவந்திருக்கின்றன. என் முறையைச் சொன்னேன். செய்து பார்க்க விரும்புகிறார்கள். ஆனால் அங்கே உங்களைப் போல ஒருவர் இல்லை. ஊருக்கு ஒருவர் போதும். எங்கே கிடைப்பார்கள்?”

தயாபரன் எழுந்து கதவருகே போனான்.

“பூமியில கேட்டுப் பாரு” என்றான். “அங்க தெருவுக்கு ஒருத்தர வெச்சிருப்பாங்க.”